அன்னப்பூரணியின் கடலை முடிச்சு

சங்கத்தின் ஐம்பதாவது ஆண்டு மலருக்கு அன்னப்பூரணியைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தாருங்கள், செயலாளர் நீங்கள்தானே என்றார்கள். ஒரு பக்கமாம். அவளுடைய கடலைச் சட்டியை எழுதவே ஒரு பக்கம் போதாது. நான் எழுதுகிறபடிதான் எழுதுவேன். இடம் போதாவிட்டால் தலைவரின் வாழ்த்துச் செய்தியை வெட்டுங்கள், ஒவ்வோர் ஆண்டும் அதே செய்திதானே வருகிறது. இன்னொன்று, அவள் எனக்கு மச்சாள், சொந்த மாமாவின் மகள். ஆகவே 'அவள்' என்றுதான் எழுதுவேன். மரியாதை வேண்டுபவர்கள் 'அவர்' என்று வாசித்துக்கொள்ளுங்கள்.

மலர் வெளியூருக்கும் போகும் என்பதால் சங்கத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். நாங்கள் வாவி வாய்க்கட்டுக்காரர். மட்டக்களப்பு வாவியில் இடுப்பளவு தண்ணீரில் நின்று வலை வீசுபவர்களும், குனிந்து இறால் தடவுபவர்களும் இரண்டு காலோடு வீட்டுக்குத் திரும்புவது எங்களால்தான். விடியற்காலையில் எங்கள் ஆள் ஒருவர் கரைக்குப் போவார். கண்டல் கம்பு ஒன்றைத் தண்ணீரில் ஊன்றுவார். அதில் மஞ்சள் நூலால் ஒரு சுருக்கு முடிச்சைப் போட்டு, சொல்ல வேண்டியதைச் சொல்லி ஊதுவார். அந்தப் பக்கத்தில் திரிகிற முதலையின் வாய் பூட்டிக்கொள்ளும். வேலை முடிந்ததும் அதே ஆள் வந்து முடிச்சின் வாலைப் பிடித்து இழுத்தால் வாய் திறக்கும். காத்தான்குடிக் காக்காமார், அதாவது முஸ்லிம் அண்ணன்மார், ஓதுவது வேறு, நாங்கள் சொல்வது வேறு. முடிச்சு ஒன்றுதான். முதலை என்ற சொல்லைத் தண்ணீர்க்கரையில் நாங்கள் எடுப்பதில்லை, 'பெரியவர்' என்போம். நாவற்குடாக் கரையில் இருப்பவருக்கு வால் பாதிதான், அதனால் அவர் அரைவாலர்.

இந்த வித்தையில் இரண்டு வில்லங்கம் உண்டு. போட்டவர் கைதான் அவிழ்க்க வேண்டும். வேறு ஆள் வாலை இழுத்தால் முடிச்சு இன்னும் இறுகும், கத்தியால் வெட்டினால் பிறகு யாராலும் திறக்க முடியாது. இரண்டாவது, முடிச்சு அவிழும் வரைக்கும் போட்டவரின் சுட்டுவிரல் நூல் சுற்றி இறுக்கினதுபோல வலித்துக்கொண்டே இருக்கும். அவர் எந்த ஊருக்குப் போனாலும் வலிக்கும். பெரியவர் செத்துப்போனாலும் முடிச்சு கிடக்கும் வரைக்கும் வலிக்கும்.

என் மாமா, அன்னப்பூரணியின் அப்பா, சங்கத்தில் நல்ல பேர் எடுத்த கட்டுக்காரர். தொண்ணூறாம் ஆண்டில் ஒரு காலை முடிச்சைப் போட்டுவிட்டுத் தேத்தண்ணி குடிக்க வீட்டுக்கு வந்துகொண்டிருந்தவரை வீதியில் மறித்து ஏற்றிக்கொண்டு போனார்கள். யார் என்று எழுதி இந்த மலரை நான் கெடுக்க மாட்டேன். அவர் திரும்பி வரவில்லை. அவர் கட்டிய பெரியவர் வாய் திறக்காமலே ஒட்டிப்போய்ச் செத்துக் கரையில் ஒதுங்கினார். அப்போது அவளுக்கு ஒன்பது வயது. அந்தக் கம்பைப் பிடுங்கி, முடிச்சிருக்கும் துண்டை முறித்து, பிஸ்கட் டின் ஒன்றில் வைத்து மூடினாள். அந்த டின் இந்த ஆண்டு வரைக்கும் அவள் வீட்டுச் சாமித்தட்டில்தான் இருந்தது. எங்கள் குடும்பத்தில் யாரும் அதைத் திறந்து பார்க்கச் சொன்னதில்லை, அவளும் காட்டினதில்லை.

பிறகு நான் ஒரு கூத்து ஆடினேன். மறைத்து என்ன செய்ய, ஊருக்கே தெரியும். இரண்டாயிரத்தெட்டில் ஒரு காலை அரைவாலருக்கு முடிச்சைப் போட்டுவிட்டுக் கரையேறுகிறேன், போன் வருகிறது. கத்தாருக்கு விசா வந்துவிட்டதாம், பின்னேரம் கொழும்புக்கு வரட்டாம். எனக்குத் தலைகால் புரியவில்லை. பெட்டி கட்டினேன், கோயிலுக்கு ஓடினேன், பஸ் ஏறினேன், பிளேன் ஏறினேன். முடிச்சு அயத்துப் போனது, நினைவே வரவில்லை. விரல் வலித்ததுதான். ஆனால் அங்கே எனக்குக் கொங்கிறீட் கம்பி கட்டுகிற வேலை. நாள் முழுக்கக் கம்பியை முறுக்கினால் விரல் வலிக்காமல் என்ன செய்யும் என்று இரவில் தைலம் பூசிக்கொண்டு படுத்தேன். பதின்மூன்றாம் நாள் அன்னப்பூரணி போன் எடுத்தாள்.

"மச்சான், உங்கட விரல் எப்பிடி?"

"வலிக்குது மச்சாள். உங்களுக்கு ஆர் சொன்ன?"

"அரைவாலர் சொன்னவர். அவர் தண்ணிக்க கிடந்து தாடையால அடிச்சிக்கிட்டு இரிக்கார்."

போனிலேயே சொல்லி ஊதிப் பார்த்தேன், அவள் போனைக் கொண்டுபோய் முடிச்சுக்குப் பக்கத்தில் பிடித்தாள், பிரயோசனம் இல்லை. கம்பனிக்காரன் பாஸ்போட்டைத் தர மறுத்தான். கடைசியில், அம்மா செத்துப்போனா என்று சொல்லித்தான் வந்தேன். பத்தொன்பதாம் நாள் வீட்டு வாசலில் இறங்கினால் அம்மா முற்றத்தில் உட்கார்ந்து புட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறா. விசயத்தைக் கேட்டுவிட்டு, "நான் செத்ததுக்கு அங்க எத்தின பேர் அழுதவங்க?" என்றா. ஒருவரும் அழவில்லை என்றதற்கு ஒரு கிழமை என்னோடு கதைக்கவில்லை.

அன்றைக்கே கரைக்கு ஓடிப்போய் வாலை இழுத்தேன். அரைவாலர் வாயைத் திறந்தபடியே கொஞ்ச நேரம் கிடந்தார், பிறகு ஆழத்துக்குப் போனார். எனக்கு வெட்கத்தில் முகத்தைத் தூக்க முடியவில்லை. அன்னப்பூரணி கரையில் நின்றாள். ஏசுவாள் என்று காத்திருந்தேன். ஏசவில்லை.

"மச்சான், விரல் இப்ப வலிக்குதா?"

"இல்ல. இழுத்த உடனே விட்டுட்டு."

"மெல்ல மெல்ல விட்டதா, ஒரேயடியா விட்டதா?"

"ஒரேயடியா."

அவள் இடுப்பிலிருந்து ஒரு பள்ளிக்கூடக் கொப்பியை எடுத்து நேரத்தோடு அதை எழுதினாள். என்னை நக்கல் அடிக்கிறாள் என்றுதான் நினைத்தேன். அது அவளுடைய முதல் கொப்பியின் முதல் பக்கம் என்று எனக்கு அப்போது தெரியாது. இன்றைக்கு அவளிடம் முப்பத்தாறு கொப்பி இருக்கிறது.

பிழைப்புக்கு அவளுக்குக் கடலை வியாபாரம். பின்னேரம் நாலரைக்கு நாவற்குடாச் சந்தியில் வண்டிலை நிறுத்தினால் ஏழு மணிக்குள் சட்டி காலி. கொண்டைக்கடலையை அவித்து, தேங்காய்ச் சொட்டும் செத்தல் மிளகாயும் போட்டுத் தாளித்து, சுடச்சுடப் பேப்பரில் சுற்றித் தருவாள். காத்தான்குடியிலிருந்து மோட்டார் சைக்கிளில் வந்து வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். மிச்ச நேரமெல்லாம் சங்க அறையில்தான் கிடந்தாள். இரும்புக்கடைக்குப் பின்னால் இருக்கும் அந்த அறையில் கறையான் தின்ற பழைய கொப்பிகளும் ஏட்டுக்கட்டுகளும் இருந்தன. நாங்கள் அவற்றை ஆண்டுக்கு ஒரு முறை தூசு தட்டிக் கும்பிடுவோம், வாசிப்பதில்லை. அவள் ஒன்று விடாமல் வாசித்தாள். இரண்டு வருடம் வாசித்தாள். பிறகு பொதுக்கூட்டத்தில் எழும்பினாள்.

"காக்கா, போட்டவர் கையாலதான் அவிழ்க்க வேணும் எண்டு நாம சொல்றம். ஏட்டில அப்பிடி இல்ல. வேற மனிசக் கை படக்கூடாது எண்டுதான் கிடக்கு."

தலைவர் முகைதீன்பாவாக் காக்கா மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். காத்தான்குடிக்காரர். நல்ல மனுசன், ஆனால் புதிதாக எதைச் சொன்னாலும் முதலில் சிரிப்பார். "மனிசக் கை இல்லாட்டி மறுகா என்ன கை புள்ள, குரங்குக் கையா?"

"தண்ணி அவிழ்க்கலாம் காக்கா. காத்து அவிழ்க்கலாம். ஆள் வராட்டியும் நேரத்துக்குத் தானா அவிழுற முடிச்சு ஒண்டு நான் செய்வன்."

அறை முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன், சொல்லவே வெட்கமாக இருக்கிறது. அன்றிலிருந்து அவளுக்குப் பட்டம் 'கடலை விஞ்ஞானி'. அவளும் சிரித்துவிட்டுத்தான் போனாள். ஆனால் ஒரு தீர்மானத்தை வாங்கிக்கொண்டுதான் போனாள். மூன்று முறை சோதனை செய்யலாம். மூன்றும் பிழைத்தால் கொப்பியை மூடிவிட வேண்டும், சங்கத்தின் கம்பையோ நூலையோ பிறகு தொடக்கூடாது.

அவள் யோசித்த வழி எளிமையானது. முடிச்சின் வாலில் ஈய வலைக்குண்டு ஒன்றைக் கட்டிவிடுவாள். குண்டு விழாதபடி கம்பில் ஒரு தாங்கி. தாங்கி கரைந்ததும் குண்டு விழும், வாலை இழுக்கும், முடிச்சு அவிழும். நான்கு மணித்தியாலத்தில் கரைய வேண்டும், அவ்வளவுதான். அதற்கு முன்னால் கரைந்தால் தண்ணீரில் நிற்கிறவருக்குக் கால் இல்லை. பிந்திக் கரைந்தால் பெரியவருக்குப் பட்டினி. தாங்கி எதில் செய்வது என்று கண்டுபிடிக்கத்தான் பதினாலு வருடம்.

முதலில் கற்கண்டு. எத்தனை கிராம் கற்கண்டு எந்த மாதத்துத் தண்ணீரில் எத்தனை நிமிடத்தில் கரையும் என்று ஒன்பது கொப்பி எழுதினாள். முதல் சோதனைக்கு முகைதீன்பாவாக் காக்காவே முடிச்சைப் போட்டுத் தண்ணீரில் இறங்கினார், தலைவர் பயப்படுவதா என்று. அலை அடித்து அடித்துக் கரையட்டும் என்று கற்கண்டைத் தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே வைத்திருந்தாள். எல்லாக் கணக்கையும் போட்டவள் எறும்பைக் கணக்கில் எடுக்கவில்லை. பக்கத்துக் கண்டல் கிளை வழியாக அவை வரிசையாக இறங்கின. ஐம்பது நிமிடத்தில் குண்டு விழுந்தது. காக்காவின் விரலில் வலி விட்டதும் அவருக்கு விளங்கிவிட்டது. அறுபத்தொரு வயது மனுசன் அந்தக் கண்டல் மரத்தில் ஏறின வேகத்தை நான் இன்னும் மறக்கவில்லை. அரைவாலர் கீழே சுற்றச் சுற்ற, ஒன்றரை மணித்தியாலம் எறும்புக் கடியோடு மேலே இருந்தார். இறங்கி வந்ததும் அவர் சொன்ன முதல் வார்த்தை, "கடலை விஞ்ஞானியக் கூப்பிடு." அடுத்து சொன்னவற்றை மலரில் போட முடியாது.

அடுத்தது சவர்க்காரம். எறும்பு தொடாது. இதற்குப் பதினெட்டுக் கொப்பி. இரண்டாவது சோதனைக்கு ஒரு குருவியும் முன்வரவில்லை. நான் வந்தேன். பத்தொன்பது நாள் அந்த மனுசனைப் பட்டினி போட்டவன் நான்தானே, என் காலைத்தான் வைக்க வேண்டும். போன தை மாதம், காலை ஆறரைக்கு முடிச்சைப் போட்டுவிட்டு இடுப்பளவு தண்ணீரில் நின்றேன். கரையில் சங்கமே நிற்கிறது. பத்தேகாலுக்குக் கரையேறினேன், இரண்டு காலும் இருந்தது. பத்தரைக்கு அவிழ வேண்டும். பத்தரை ஆனது. பத்தே முக்கால் ஆனது. பதினொன்றும் ஆனது. என் விரல் விண்விண் என்று வலிக்கிறது, அரைவாலர் தாடையால் தண்ணீரை அடிக்கத் தொடங்கிவிட்டார்.

அன்னப்பூரணி குனிந்து வாவித் தண்ணீரை அள்ளி வாயில் வைத்துப் பார்த்தாள். முகம் அப்படியே விழுந்துவிட்டது.

"உப்பு," என்றாள். "முகத்துவாரம் வெட்டினத நான் யோசிக்கல்ல."

மாரி வெள்ளத்தில் வயல் வட்டைகள் மூழ்குகின்றன என்று மூன்று கிழமைக்கு முன்னர்தான் முகத்துவாரத்து மணல் திட்டை வெட்டிவிட்டிருந்தார்கள். வெள்ளம் வடிந்த பிறகு கடல் உள்ளே வந்துவிட்டது. உப்புத் தண்ணீரில் சவர்க்காரம் நுரைக்காது, கரையாது என்பது துணி துவைக்கிற எல்லோருக்கும் தெரியும். பதினெட்டுக் கொப்பி எழுதினவளுக்குத் தெரியாமல் போய்விட்டது. "இன்னும் கொஞ்சம் பார்ப்பம் மச்சாள், சில நேரம் கரையும்," என்றேன். கையால் அவிழ்த்தால் சோதனை தோற்றது என்று எழுத வேண்டுமே.

"வேணாம். சொன்ன நேரம் முடிஞ்சு போச்சு. போய் அவிழுங்க."

போனேன். அவிழ்க்கிற கணத்தில் பெரியவரின் வாய் திறக்கும், அவர் எனக்கு மூன்று பாகத் தூரம் தள்ளிக் கிடக்கிறார், இதெல்லாம் வாலை இழுத்த பிறகுதான் எனக்கு உறைத்தது. எப்படிக் கரைக்கு வந்தேன் என்று தெரியாது. இடுப்பில் கட்டியிருந்த சாரம் என்னோடு வரவில்லை. அரைவாலர் அதை இரண்டு முறை உதறிப் பார்த்துவிட்டுக் கொண்டுபோனார். உள்காற்சட்டையோடு நின்ற என்னைப் பார்த்து முகைதீன்பாவாக் காக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "பத்தொம்பது நாளுக்கு ஒரு சாரன். கணக்குச் சரி தம்பி," என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அன்னப்பூரணி மட்டும் கொப்பியை மூடிக்கொண்டு வண்டிலைத் தள்ளப் போய்விட்டாள்.

இப்போதுதான் கதையின் நல்ல இடம் வருகிறது. அடுத்த நாள் விடிய ஐந்தரைக்கு என் வீட்டுப் படலை தட்டுகிற சத்தம். அன்னப்பூரணி, தலைகூட வாரவில்லை, கையில் பழைய பால்மா டின்.

"மச்சான், நான் ஒரு மொக்கு. சரியான மொக்கு."

"ஏன் மச்சாள், என்ன நடந்த?"

"ராவு மனம் சரியில்லாம கடலைய இந்த டின்னுக்க போட்டு ஊறவெச்சு மூடியயும் அமத்திப்போட்டுப் படுத்திட்டன். விடிய எழும்பிப் பாத்தா மூடி அடுப்படியில கிடக்கு. கடலை ஊதித் தள்ளிப்போட்டு."

எனக்கு விளங்கவில்லை.

"உப்புத் தண்ணி மச்சான். நான் எப்பவும் உப்புப் போட்டுத்தானே ஊறவெக்கிற. கரையிறத விடுங்க. ஊதுறதப் பாருங்க."

அப்படியே படலையில் நின்றபடி எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. இருபத்திரண்டு வருடமாகத் தினமும் இந்தக் கையால் கடலை ஊறவைத்திருக்கிறாள். உப்புத் தண்ணீரில் எவ்வளவு நேரம், நல்ல தண்ணீரில் எவ்வளவு நேரம், வெயில் காலத்தில் எப்படி, மாரியில் எப்படி, எல்லாம் அவள் விரலுக்குத் தெரியும். உலகத்தில் எந்தப் பேராசிரியருக்கும் தெரியாது. விடை அவள் அடுப்படியில் இருக்க, நாங்கள் வாவி முழுக்கத் தேடிக்கொண்டிருந்தோம். இரண்டு பேரும் படலையைப் பிடித்துக்கொண்டு சிரித்த சிரிப்பில் அம்மா எழும்பி வந்து, ஆரும் செத்துப்போட்டாங்களா என்று கேட்டா.

பெருவிரல் தடிப்பில் ஒரு மூங்கில் குழாய். அதற்குள் பதினேழு காய்ந்த கடலை. வாயில் ஒரு தக்கை, தக்கைமேல் ஈயக்குண்டு. தண்ணீர் புகுவதற்கு அடியில் இரண்டு துளை. கடலை ஊதும், தக்கையைத் தள்ளும், குண்டு விழும், வாலை இழுக்கும். நாற்பது நாள், நாற்பது குழாய். வாவித் தண்ணீரிலும் கடல் தண்ணீரிலும் கிணற்றுத் தண்ணீரிலும் போட்டுப் பார்த்தாள். நான்கு மணித்தியாலத்துக்கு முந்தி ஒன்றும் திறக்கவில்லை, நாலேகால் தாண்டி ஒன்றும் கிடக்கவில்லை. ஒவ்வொரு முறை தக்கை 'டப்' என்று கழலும்போதும் நான் சின்னப் பிள்ளை மாதிரித் துள்ளினேன். எனக்கு ஐம்பத்திரண்டு வயது என்பதை இங்கே சொல்லாமல் விடலாம்.

மூன்றாவது சோதனை, கடைசிச் சோதனை. முகைதீன்பாவாக் காக்கா என்னைக் காட்டி ஒரு நிபந்தனை போட்டார். "ஆள் இல்லாம அவிழுற முடிச்சு எண்டுதானே புள்ள நீ சொன்ன? அப்ப முடிச்சப் போட்டவன் இஞ்ச நிக்கப்படாது. அழகரத்தினம் முடிச்சப் போட்டுப்போட்டு தூரப் போகட்டும். கத்தார் வரைக்கும் தேவையில்ல, கரடியனாறு போதும்."

எல்லோரும் சிரித்தோம். அன்னப்பூரணி சிரிக்கவில்லை. "அதுதான் எனக்கும் வேணும் காக்கா," என்றாள்.

அன்று ஆறரைக்கு நான் முடிச்சைப் போட்டேன். குழாயையும் குண்டையும் என் கையாலேயே பொருத்தினேன். விரல் வலிக்கத் தொடங்கியது. பஸ் தரிப்பு வரைக்கும் அவள் என்னோடு நடந்து வந்தாள். பஸ் வருவது தெரிந்த பிறகுதான் சொன்னாள்.

"மச்சான், முடிச்சு அவிழுறத நாங்க இஞ்ச பாப்பம். அது எனக்குப் பெரிசில்ல. உங்கட விரல் எத்தின மணிக்கு விட்டது எண்டு பாத்து எனக்குச் சொல்லுங்க. மிச்சம் வலி இரிக்கா எண்டும் பாருங்க."

"அதென்னத்துக்கு?"

"அப்பாட முடிச்சு ஒண்டே ஒண்டுதான் கிடக்கு. அதில வெச்சுப் பரிசோதிக்க ஏலாது. கை படாம தானா அவிழ்ந்தா தூரத்தில இரிக்கிற ஆளுக்கும் விரல் விடுமா எண்டு எனக்குத் தெரிய வேணும். முப்பத்தினாலு வருசம் மச்சான். எங்க இரிந்தாலும் அவருக்கு வலிக்கும்தானே."

பஸ் வந்து நின்றது. நான் ஏறவில்லை, கொண்டக்டர் ஏசினார், பிறகுதான் ஏறினேன். பதினாறு வருடமாக அவள் அரைவாலருக்காகத்தான் மினக்கெடுகிறாள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். சங்கமே அப்படித்தான் நினைத்தது. அந்த முதல் கொப்பியில் அவள் பெரியவரைப் பற்றி ஒரு வரியும் எழுதவில்லை, என் விரலைப் பற்றித்தான் எழுதினாள். எனக்கு அப்போதே விளங்கியிருக்க வேண்டும். சொந்த மாமாவின் விரலை நான் ஒரு நாளும் நினைத்துப் பார்க்கவில்லை என்று பஸ்ஸில் இருந்து அழுதேன். பக்கத்தில் இருந்தவர் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

கரடியனாற்றில் வட்டை ஓரத்துத் தேத்தண்ணிக் கடையில் உட்கார்ந்தேன். நிபந்தனைப்படி போன் அணைத்திருந்தது. கடைச் சுவர் மணிக்கூட்டைப் பார்த்தபடி ஐந்து தேத்தண்ணி குடித்தேன். பத்தரை. விரல் வலித்தது. பத்து முப்பத்தைந்து. வலித்தது. எறும்பு இல்லை, சவர்க்காரம் இல்லை, வேறு எதை மறந்தோம் என்று ஒவ்வொன்றாக யோசிக்கிறேன். துளை அடைத்துவிட்டதா, கடலை பழையதா, நான்தான் தக்கையை இறுக்கிவிட்டேனா. பத்து முப்பத்தொன்பது. இது தோற்றால் கொப்பியை மூட வேண்டும். பிஸ்கட் டின்னும் மூடினபடியே கிடக்கும்.

பத்து நாற்பத்தொன்றுக்கு விரல் விட்டது.

ஒரேயடியாக விட்டது. வாலை நானே இழுத்ததுபோல அப்படியே விட்டது. நான் எழும்பின வேகத்தில் உட்கார்ந்திருந்த வாங்கு சரிந்தது. "விட்டுட்டு, விட்டுட்டு," என்று கத்தினேன். கடைக்காரர் பாம்பு கடித்துவிட்டதோ என்று என் காலைப் பார்த்தார். அவசரத்தில் போனைத் திறக்கவே இரண்டு முறை பிழைத்தது. அன்னப்பூரணி முதல் மணியிலேயே எடுத்தாள்.

"விரல்?" என்றாள்.

"விட்டுட்டு மச்சாள்."

"எத்தின மணிக்கு?"

"பத்து நாப்பத்தொண்டு."

"இஞ்சயும் பத்து நாப்பத்தொண்டுதான். மிச்சம் வலி இரிக்கா? வடிவாப் பாத்துச் சொல்லுங்க."

மடக்கிப் பார்த்தேன், நீட்டிப் பார்த்தேன். "ஒண்டும் இல்ல மச்சாள். துப்புரவா இல்ல."

கரையில் ஆட்கள் கூப்பாடு போடுவது கேட்டது. பிறகு முகைதீன்பாவாக் காக்காவின் குரல். "தம்பி, புள்ள அழுகுது. நானும் அழுறன். நீ கெதியா வா."

மூன்றாம் நாள், வெள்ளிக்கிழமை. அவள் வீட்டு முற்றத்தில் பிளாஸ்டிக் வாளி ஒன்றில் வாவித் தண்ணீர். நானும் காக்காவும் மட்டும் இருந்தோம். அவள் பிஸ்கட் டின்னைத் திறந்தாள். முப்பத்துநாலு வருடத்து நூல், மஞ்சள் போய்க் கறுத்திருந்தது. அதில் கை படக்கூடாது. இரண்டு ஈர்க்கால் வாலைத் தூக்கிக் குண்டின் கொக்கியில் மாட்டினாள். மாட்டினதும் பதினேழு கடலையை எண்ணிக் குழாயில் போட்டாள். பிறகு மூவரும் வாளியைச் சுற்றி உட்கார்ந்தோம். காக்கா எழும்பித் தொழுதுவிட்டு வந்தார். வேறு யாரும் எழும்பவில்லை.

நாலு மணித்தியாலம் ஒன்பது நிமிடத்தில் தக்கை கழன்றது. குண்டு விழுந்தது. மாமாவின் முடிச்சு ஒரு இழுவையில் அவிழ்ந்து நூல் நேராகத் தொங்கியது. இப்போது அது வெறும் நூல், யாரும் தொடலாம். அன்னப்பூரணி அதை எடுத்துத் தன் சுட்டுவிரலில் ஒரு முறை சுற்றிப் பார்த்தாள், பிறகு கழற்றினாள். "விட்டிரிக்கும்தானே மச்சான்?" என்றாள்.

"விட்டிரிக்கும் மச்சாள். ஒரேயடியா விட்டிரிக்கும்."

அவள் கொப்பியில் நேரத்தை எழுதினாள். நாலு மணி ஆகிவிட்டிருந்தது, சந்திக்கு வண்டில் போக வேண்டும். குழாயைத் தட்டி அந்தப் பதினேழு கடலையையும் கழுவி அன்றையச் சட்டியிலேயே போட்டு அவித்தாள். அன்று வாங்கினவர்களுக்கெல்லாம் ஆளுக்கு ஓர் அகப்பை கூடப் போட்டாள். நானும் ஒரு பேப்பரில் வாங்கித் தின்றேன்.